ஸ்விட்ச்சில் ஃபுட்பால்: எந்த வருடத்துக் கார்டை வாங்குவது?

மேலப்பாளையத்திலோ கடையநல்லூரிலோ ஒரு வீட்டில் நிண்டெண்டோ ஸ்விட்ச் என்ற கையடக்க வீடியோ கேம் கருவி இருந்தால், பெரும்பாலும் அது வளைகுடாவிலிருந்து மாமாவோ மச்சானோ லீவுக்கு வரும்போது பெட்டியில் வைத்துக் கொண்டுவந்ததாகத்தான் இருக்கும். நிண்டெண்டோ இந்தியாவில் நேரடியாகக் கடை விரித்ததில்லை. கருவி வீட்டுக்கு வந்த கையோடு பிள்ளைகள் கேட்பது ஃபுட்பால் கார்டு, அதாவது ஃபுட்பால் ஆட்டம் அடங்கிய சின்னச் சில்லு. செகண்ட் ஹேண்டில் தேடினால் இ.ஏ. என்ற நிறுவனத்தின் ஃபிஃபா 18 முதல் எஃப்சி 26 வரை (24இலிருந்து பெயர் எஃப்சி என்று மாறியது) ஒன்பது வருடத்துப் பெட்டிகள் கிடைக்கும். விற்பவர் கேட்பது ஒரே கேள்விதான்: "தம்பி, 23 இருக்கு, 24 இருக்கு, எது வேணும்?" பெரிய நம்பர்தான் நல்லது என்று நினைத்து எடுத்துக்கொண்டு வருகிறவர்களே அதிகம்.

அந்த ஒன்பது பெட்டிக்குள்ளும் இருப்பவை மொத்தம் மூன்றே ஆட்டங்கள். 18 முதல் 23 வரை ஒன்று. பழைய ஸ்விட்ச்சுக்கான 24, 25, 26 இன்னொன்று. அதன் அடுத்த தலைமுறைக் கருவியான ஸ்விட்ச் 2க்கென்று வந்த 26 மூன்றாவது. ஒரு கூட்டத்திலிருந்து அடுத்த கூட்டத்துக்குத் தாவும்போதுதான் கையில் வித்தியாசம் தெரியும். ஒரே கூட்டத்துக்குள் வருடம் மாறினால் மாறுவது பெரும்பாலும் யார் எந்த ஜெர்சியில் ஆடுகிறார் என்பதுதான்.

ஏன் இப்படி ஆனது?

ஸ்விட்ச்சுக்கு முதலில் வந்தது 2017 செப்டம்பரின் ஃபிஃபா 18. டிவியில் இணைக்கும் பெரிய கருவிகளான பிஎஸ்4இலும் எக்ஸ்பாக்ஸ் ஒன்னிலும் அப்போது ஃபிஃபா ஓடியது ஃப்ராஸ்ட்பைட் என்ற எஞ்சினில், அதாவது ஆட்டத்தை இயக்கும் அடிப்படை மென்பொருளில். ஸ்விட்ச்சில் இருப்பதோ 4 ஜிபி ராமும் என்விடியாவின் டெக்ரா எக்ஸ்1 சிப்பும். ஃப்ராஸ்ட்பைட்டை அதில் ஏற்றாமல், ஸ்விட்ச்சுக்கென்றே தனி எஞ்சின் செய்தது இ.ஏ. அதனால் 'தி ஜர்னி' என்ற கதைப் பகுதி இதில் வரவில்லை. ஆன்லைனில் கூட்டாளியை அழைத்து ஆடும் வசதிகூட முதல் வருடம் இல்லை. ஃபிஃபா 19இல் அந்த வசதியும் சாம்பியன்ஸ் லீக்கும் சேர்ந்தன.

வளர்ச்சி அத்தோடு நின்றுவிட்டது. 2019இல் வந்த ஃபிஃபா 20க்கு 'லெகசி எடிஷன்' என்று பெயர் வைத்தார்கள். ஆட்டத்தில் புதிதாக எதையும் சேர்க்கவில்லை, ஜெர்சியும் வீரர் பட்டியலும் மட்டுமே புதுப்பிக்கப்படுகின்றன என்று இ.ஏ.யே அறிவித்தது. 21, 22, 23 மூன்றும் அதே வழியில் வந்தன. பழைய பனியனின் முதுகில் புது நம்பர் அச்சடித்த கதைதான். ஃபிஃபா 20இல் மற்ற கருவிகளுக்கு வந்த வோல்டா தெரு ஃபுட்பாலும், 22இல் பிஎஸ்5க்கு வந்த ஹைப்பர்மோஷன் அசைவுகளும் இந்த நான்கு லெகசி கார்டுகளிலும் கிடையாது.

இது ஸ்விட்ச்சோடு தொடங்கிய வழக்கமும் இல்லை. 2012இல் சோனியின் கையடக்கக் கருவியான பிஎஸ் வீட்டாவோடு ஒரு ஃபிஃபா வந்தது. சில மாதம் கழித்து வந்த ஃபிஃபா 13 அதன் மறுபதிப்பு போலவே இருக்கிறது என்று அப்போதே திட்டு விழுந்தது. வீட்டாவிலும் நிண்டெண்டோவின் பழைய கையடக்கக் கருவியான 3டிஎஸ்ஸிலும் கடைசியாக வந்த ஃபிஃபா 15க்கும் லெகசி என்றுதான் பெயர். ஆள் குறைந்த கருவிக்கு ஆட்டத்தைப் புதிதாகச் செய்ய ஆகும் செலவு திரும்பி வராது, பட்டியலை மாற்றச் செலவு கொஞ்சம்தான். காரணம் அவ்வளவே. வாங்குகிறவருக்கு இது தெரிந்திருந்தால் வருடா வருடம் பணம் கட்ட வேண்டியதில்லை.

2022 மே மாதம் ஃபிஃபா அமைப்பும் இ.ஏ.யும் பிரிவதாக அறிவித்தன. ஃபிஃபா என்ற பெயரில் 23தான் கடைசி. 2023 செப்டம்பர் 29 அன்று எஃப்சி 24 வந்தபோது ஸ்விட்ச்சுக்கும் முதல்முறையாக ஃப்ராஸ்ட்பைட் வந்தது. அந்த நேரத்தில் பழைய ஃபிஃபாக்களை டிஜிட்டல் கடைகளிலிருந்து எடுத்துவிட்டார்கள். ஆக, லெகசி வேண்டுமென்றால் இனி கார்டாக மட்டும்தான் கிடைக்கும்.

ஒரே டிவி, நாலு பிள்ளைகள்

பள்ளி லீவில் சித்தப்பா பிள்ளைகளும் அத்தை பிள்ளைகளும் கூடி ஆடுவதற்குத்தான் கார்டு என்றால், 18 முதல் 23 வரையான முதல் கூட்டமே போதும் (லெகசி என்ற பெயர் 20இலிருந்துதான் என்றாலும் இனி மொத்தத்தையும் லெகசி என்றே சொல்கிறேன்). அதிலும் 19 அல்லது 23. இரண்டும் நொடிக்கு 60 ஃபிரேம், அதாவது 60 படம், ஓடும். பட்டனை அழுத்தியதும் பாஸ் கிளம்பிவிடும். புல், ரசிகர் கூட்டம், முகச்சாயல் எல்லாம் பழசாகத் தெரியும். கம்ப்யூட்டர் அணி ஆடுவதும் ஏறக்குறைய ஒரே மாதிரிதான் இருக்கும். தனியாக உட்கார்ந்து மேனேஜர் கரியர் (ஒரு அணியைப் பல சீசன் நடத்தும் பகுதி) ஆடுகிறவருக்கு இரண்டாவது சீசனிலேயே சலித்துப்போகும். எதிரே மனிதர் ஆடும்போது அந்தக் குறை தெரியாது.

கன்ட்ரோலர் விஷயத்தைக் கொஞ்சம் பார்த்துக்கொள்ள வேண்டும். ஸ்விட்ச்சின் இரு பக்கமும் மாட்டியிருக்கும் ஜாய்-கான் என்ற கன்ட்ரோலர் ஜோடியைக் கழற்றி ஆளுக்கொன்றாகப் பக்கவாட்டில் பிடித்தால் இருவர் ஆடலாம். ஆனால் ஒற்றை ஜாய்-கானில் இருப்பது ஒரே ஸ்டிக், நான்கு பட்டன், ஓரத்தில் எஸ்எல், எஸ்ஆர் என்று இரண்டு குட்டிப் பட்டன்கள். வலது ஸ்டிக் இல்லாததால் ஸ்கில் மூவ் என்ற வித்தை அசைவுகள் எல்லாம் போய்விடும். அழுத்த வேண்டியவை அதிகம், பட்டன்கள் குறைவு. இடது ஜாய்-கானைப் படுக்கப் பிடித்தால் பட்டன்கள் நடுவில் வந்து நெருக்கும், வலதில் ஸ்டிக் நடுவில் வந்து நிற்கும். பத்து வயசுப் பிள்ளைக்குச் சரி, பெரியவர் கைக்கு வலி. பெட்டியோடு வரும் மணிக்கட்டு ஸ்ட்ராப்பை மாட்டிக்கொண்டால் எஸ்எல், எஸ்ஆர் அழுத்துவது எளிது, அதன் பட்டன்கள் பெரியவை. மாட்டும்போது ஸ்ட்ராப்பில் உள்ள கூட்டல் குறியும் ஜாய்-கானில் உள்ள கூட்டல் குறியும் பொருந்த வேண்டும், கழித்தலுக்குக் கழித்தல். மாற்றிச் செருகினால் சிக்கிக்கொள்ளும், பிடுங்கினால் தண்டவாளம் உடையும். செகண்ட் ஹேண்டில் வாங்கும்போது இந்த ஸ்ட்ராப்தான் முதலில் காணாமல் போயிருக்கும். கேட்டு வாங்குங்கள்.

இதே காரணத்தால் குடும்பத்துக்கு ஸ்விட்ச் லைட் வேண்டாம். அதில் ஜாய்-கான் கழறாது, டிவியில் இணைக்கவும் முடியாது. 5.5 அங்குலத் திரையில் ஒருவர் ஆட இன்னொருவர் தோளுக்கு மேல் எட்டிப் பார்க்கலாம், அவ்வளவுதான்.

19ஆ 23ஆ என்பதைப் பட்டியல்தான் முடிவு செய்யும். ரொனால்டோ ரியல் மாட்ரிட் ஜெர்சியில் வேண்டுமென்றால் 18. யுவென்டஸில் அவரும் பார்சிலோனாவில் மெஸ்ஸியும் வேண்டுமென்றால் 19. 20, 21, 22 மூன்றிலும் யுவென்டஸுக்கு உரிமம் இல்லை. 'பியமோன்டே கால்சியோ' என்ற பெயரில் வேறு ஜெர்சியில் அந்த அணி வரும். இத்தாலி அணி ஆடுகிற பிள்ளை வீட்டில் இருந்தால் அழுகை உறுதி. 22இல் மெஸ்ஸி பிஎஸ்ஜியில், ரொனால்டோ மான்செஸ்டர் யுனைடெட்டில். 23இல் யுவென்டஸ் பெயரோடு திரும்பியது, ஹாலண்ட் மான்செஸ்டர் சிட்டிக்கு வந்துவிட்டார். பொதுவில் 23 நல்ல பொருள். 2022இல் அமெரிக்காவில் அது 39.99 டாலருக்கு வந்தது, அப்போது புதிய முழு விலை ஆட்டங்களைவிடக் குறைவு. 20, 21 இரண்டையும் ஃபிஃபா 19இன் விலைக்கே கொடுத்தாலும் எடுக்கக் காரணம் இல்லை.

பட்டியல் பழசாகிவிட்டதே என்றால், அணித் திருத்தப் பகுதியில் வீரர்களைக் கையால் ஒரு கிளப்பிலிருந்து இன்னொன்றுக்கு மாற்றலாம், புதிய வீரரை உருவாக்கிச் சேர்க்கலாம். பத்துப் பதினைந்து முக்கிய மாற்றங்கள் ஒரு சாயங்கால வேலை. கரியரைத் தொடங்கும் முன் செய்துவிடுங்கள். தொடங்கிய கரியர், தொடங்கிய அன்று இருந்த பட்டியலிலேயே ஓடும்.

லெகசி கார்டை ஆன்லைனை நம்பி மட்டும் வாங்கக் கூடாது. பழைய வருடங்களின் சர்வர்களை இ.ஏ. ஒவ்வொன்றாக நிறுத்திவருகிறது. சர்வர் போனால் அல்டிமேட் டீம் (வீரர் கார்டுகளைச் சேர்த்து அணி கட்டும் ஆன்லைன் பகுதி) மெனு திறக்காது. அதில் சேர்த்த வீரர் கார்டும் நாணயமும் எதற்கும் உதவாது.

எஃப்சி 24க்கு மாறினால்

ஃப்ராஸ்ட்பைட் வந்ததால் ஆட்டம் நிறைவாகியிருக்கிறது. உடலசைவும் முகமும் மேம்பட்டிருக்கின்றன, பெண்கள் அணிகள் உண்டு, கரியரிலும் அல்டிமேட் டீமிலும் இத்தனை வருடம் விடுபட்டவை வந்து சேர்ந்தன. அதற்குக் கொடுத்த விலை வேகம். லெகசியின் 60 ஃபிரேம் இங்கே 30 ஆகிவிட்டது. ஒரு ஃபிரேமுக்கும் அடுத்ததற்கும் இடையே 16.7 மில்லி நொடி இருந்தது 33.3 ஆகிறது. ஷாட் பட்டனை அழுத்தியதற்கும் கால் வீசுவதற்கும் நடுவே ஒரு சிறு கனம் இருப்பதாகத் தோன்றும். கையில் வைத்துச் சின்னத் திரையில் ஆடும்போது அவ்வளவாக உறுத்தாது. 43 அங்குல டிவியில் இணைத்து, அந்த டிவியும் 'கேம் மோட்' போடாமல் இருந்தால், டிஃபென்டர் காலை நீட்டும்போது பந்து போயே போய்விட்டிருக்கும். மெனுக்களும் மந்தம்.

ஆகவே ஏற்கெனவே 23 வைத்து நண்பர்களோடு மட்டும் ஆடுகிறவர் 24க்கு மாறினால் ஏமாற்றம் கிடைக்க வாய்ப்பு அதிகம். தனியாகக் கரியர் ஆடுகிறவர் மாறலாம், லாபம் உண்டு. இந்தக் கூட்டத்துக்குள் 24, 25, 26 எதை எடுப்பது என்றால், பழைய ஸ்விட்ச்சுக்கு மலிவாகக் கிடைப்பதை எடுங்கள். 24இலேயே மெஸ்ஸி இன்டர் மயாமியில், பெல்லிங்ஹாம் ரியல் மாட்ரிட்டில். எம்பாப்பே மாட்ரிட்டுக்கு வந்தது 25இல். இந்தியாவின் ஐஎஸ்எல் லீக் இந்தத் தொடருக்குள் வந்தது ஃபிஃபா 22 முதல். சென்னையின் எஃப்சியை வைத்து ஆடத்தான் வாங்குகிறீர்கள் என்றால், வாங்கும் முன் கார்டைப் போட்டு லீக் பட்டியலை ஒருமுறை ஓட்டிப் பாருங்கள். உரிமம் வருடத்துக்கு வருடம் மாறுகிற சமாச்சாரம்.

ஆன்லைனில் ஆட, நிண்டெண்டோ ஸ்விட்ச் ஆன்லைன் சந்தா தேவை. அமெரிக்க விலையில் வருடத்துக்கு ஒருவருக்கு 19.99 டாலர், எட்டுக் கணக்கு வரை சேரும் குடும்பச் சந்தா 34.99. நாலு வீட்டார் சேர்ந்து எடுத்தால் மலிவு. இந்திய வங்கி அட்டை பல நேரம் ஏற்காது, ஈஷாப் என்ற நிண்டெண்டோவின் ஆன்லைன் கடைக்கான கிஃப்ட் கார்டு வாங்கித்தான் ஏற்ற வேண்டும். கணக்கின் நாட்டை மாற்ற நினைத்தால் இருப்புத் தொகை முழுவதும் தீர்ந்திருக்க வேண்டும். மீதி ஐம்பது சென்ட் இருந்தாலும் மாற்ற விடாது.

இவ்வளவு செய்தும் எதிரில் ஆடப்போவது ஸ்விட்ச்காரர்கள் மட்டுமே. 24இல் மற்ற கருவிகள் தங்களுக்குள் கிராஸ்-பிளே (வேறு வேறு கருவிக்காரர்கள் ஒன்றாக மோதுவது) ஆடின, ஸ்விட்ச்சுக்கு அது இல்லை. அல்டிமேட் டீமின் வீரர் சந்தையும் ஸ்விட்ச்சுக்குத் தனி. ஆள் குறைந்த சந்தையில் நல்ல வீரர் கார்டு அரிதாக வரும், வந்தால் விலை ஏறி நிற்கும். பாளையங்கோட்டையில் பிஎஸ்5 வைத்திருக்கும் கூட்டாளியோடு ஆன்லைனில் மோதத்தான் ஆசை என்றால் பழைய ஸ்விட்ச் அந்த ஆசைக்கான கருவி இல்லை. மொபைல் ஹாட்ஸ்பாட்டில் ஆடுகிறவர்கள் செட்டிங்ஸில் இணைப்புச் சோதனையை ஓட்டி மற்றவர் கருவியோடு சேர இணைப்பு எவ்வளவு திறந்திருக்கிறது என்று சொல்லும் 'என்ஏடி டைப்' என்ன எழுத்து காட்டுகிறது என்று பாருங்கள். ஏ, பி என்றால் கவலையில்லை. அதற்குக் கீழே போகப் போக எதிராளி கிடைக்காமல் தேடிக்கொண்டே இருக்கும். பாபநாசத்துக்கு மேலே மலையேறிவிட்டால் அந்தக் கேள்வியே எழாது.

ஸ்விட்ச் 2 வாங்கலாமா?

2025 செப்டம்பர் 26 அன்று வந்த எஃப்சி 26, ஸ்விட்ச் 2க்குத் தனிப் பதிப்பாக வந்தது. 7.9 அங்குல 1080பி திரை, 256 ஜிபி உள்சேமிப்பு. கருவியாக இது பெரிய தாவல்தான். பழைய ஸ்விட்ச் கார்டுகளில் பெரும்பாலானவை இதில் ஓடும் என்பதால் லெகசி கார்டைத் தூக்கிப்போட வேண்டாம்.

இங்கே இரண்டு பொறி உண்டு. 2025இல் ஜப்பானில் மலிவாக, 49,980 யென்னுக்கு வந்த ஸ்விட்ச் 2 ஜப்பானிய மொழி மட்டும் உள்ளது, ஜப்பான் கணக்கோடு மட்டுமே சேரும். யாராவது 'ஜப்பான் பீஸ், விலை கம்மி' என்று கொடுத்தால் செட்டிங்ஸில் மொழி மாற்றும் இடத்தைத் திறந்து பார்க்காமல் காசு கொடுக்காதீர்கள். அடுத்தது மெமரி கார்டு. இதற்கு மைக்ரோஎஸ்டி எக்ஸ்பிரஸ் மட்டும்தான் ஆகும். வீட்டில் கிடக்கும் சாதாரண மைக்ரோஎஸ்டியில் ஆட்டத்தை ஏற்ற முடியாது. பெட்டியின் முன்பக்க அடியில் 'கேம்-கீ கார்டு' என்ற பட்டை இருந்தால் கார்டுக்குள் ஆட்டம் இல்லை, சாவிதான் இருக்கிறது, முழுவதையும் இறக்க வேண்டும். ஒரு நாளைக்கு 2 ஜிபி பிளானில் ஓடுகிற வீட்டுக்கு இது சின்ன விஷயம் இல்லை.

ஃபுட்பாலுக்காக மட்டும் ஸ்விட்ச் 2 வாங்குவது வீண் செலவு. மற்ற நிண்டெண்டோ ஆட்டங்களுக்காக வாங்குகிறவர் 26ஐயும் சேர்த்து எடுக்கலாம்.

மற்ற வழிகள்

சோனியின் பழைய கையடக்கக் கருவிகளான பிஎஸ்பி, வீட்டா வைத்திருப்பவர்கள் இன்னும் உண்டு. பிஎஸ்பியில் ஃபிஃபா 14, அதன் போட்டித் தொடரான பிஇஎஸ் 2014 என்று 2013ஓடு கதை முடிந்தது. 480×272 திரையில் இன்றைக்கும் பிஇஎஸ் ஓட்டம் சுகமாகவே இருக்கும். பேட்டரி உப்பியிருந்தால் மூடி மூடாது, அதைச் சார்ஜ் போடவே கூடாது, மாற்றத்தான் வேண்டும். வீட்டாவின் ஃபிஃபாவில் பின்பக்கத் தொடுபலகையைக் கோல் வலையாக எண்ணித் தொட்ட இடத்துக்கு ஷாட் போகும். விரல் தெரியாமல் பட்டாலே பந்து பறந்துவிடும். ஆட ஆரம்பிக்கும் முன் செட்டிங்ஸில் அதை அணைத்துவிடுவது நல்லது.

ஸ்டீம் டெக் என்ற கையடக்கப் பிசியைப் பற்றிக் கேட்கிறவர்களுக்கு: ஃபிஃபா 23 முதல் இ.ஏ. தன் ஆன்ட்டி-சீட்டை (ஏமாற்றி ஆடுவதைத் தடுக்கும் மென்பொருள்) சேர்த்ததால், லினக்ஸில் ஓடும் ஸ்டீம்ஓஎஸ்ஸில் இந்தத் தொடர் ஓடாது. ஃபுட்பாலுக்காக டெக் வேண்டாம். விண்டோஸில் ஓடும் 'அசூஸ் ஆர்ஓஜி ஆலை' போன்ற கையடக்கப் பிசிகளில் முழுமையான பிசி பதிப்பு ஓடும், பிஎஸ்5காரரோடு கிராஸ்-பிளேயும் உண்டு. இந்த ஆர்ஓஜி ஆலை 2023இல் இந்தியாவில் 69,990 ரூபாய்க்கு முறையாக விற்பனைக்கு வந்தது, சர்வீஸ் கிடைக்கும். கையில் முழு ஆட்டம் வேண்டும், காசும் உண்டு என்பவருக்கு இதுதான் சரியான விடை. ஆனால் 40 வாட்-அவர் பேட்டரி முழு வேகத்தில் இரண்டு மணி நேரம் தாங்காது. எஃப்சி 24க்கு 100 ஜிபி இடம் வேண்டும் என்கிறது இ.ஏ. இறக்குவது கிட்டத்தட்ட அவ்வளவு என்றால், தினம் 2 ஜிபி பிளானில் ஏறக்குறைய ஐம்பது நாள். ஃபைபர் இணைப்பு வராத ஊர்க்காரர் திருநெல்வேலியில் உறவினர் வீட்டு வைஃபைக்குத்தான் போக வேண்டும்.

போனில் எஃப்சி மொபைலும் இஃபுட்பாலும் இலவசம், வீரர் பட்டியலும் நடப்பு வருடத்தது. தொடுதிரையில் ஆடப் பழகியவருக்கு, ஆன்லைன் மட்டும் போதும் என்பவருக்கு, ஸ்விட்ச்சில் செலவழிக்கவே அவசியம் இல்லை. சிக்னல் போனால் ஆட்டமும் போகும் என்பதுதான் குறை.

வருடப் பட்டியல் தொல்லையே வேண்டாம் என்றால் ஸ்விட்ச்சில் 2022இல் வந்த மாரியோ ஸ்ட்ரைக்கர்ஸ்: பேட்டில் லீக் இருக்கிறது. ஒரே கருவியில் எட்டுப் பேர் வரை ஆடலாம், உண்மையான வீரர் யாரும் இல்லாததால் பழசாகாது. சின்னப் பிள்ளைகள் அதிகம் உள்ள வீட்டில் லெகசி கார்டைவிட இதுவே மேல். யோசித்து ஆடுகிறவருக்கு ஃபுட்பால் மேனேஜர் 2024 டச் இருக்கிறது. விரலால் தட்டி ஆடுவது, ஸ்டிக் தேயாது. 25ஆம் பதிப்பை நிறுத்திவிட்டதால் 24க்கு ஆயுள் கூடியது.

பேட்டரியும் வெயிலும்

திருநெல்வேலி–சென்னை வந்தே பாரத் 7 மணி 50 நிமிடப் பயணம். 2017இன் முதல் ஸ்விட்ச் 2.5 முதல் 6.5 மணி நேரம் என்று நிண்டெண்டோ சொல்கிறது, கனமான ஆட்டத்துக்கு மூன்று மணி என்று வைத்துக்கொள்ளுங்கள். மதுரை தாண்டினால் கொஞ்ச நேரத்தில் திரை அணைந்துவிடும். 2019இன் திருத்திய மாடலும் ஓஎல்இடி திரை மாடலும் 4.5 முதல் 9 மணி. 2017, 2019 மாடல் இரண்டும் பார்வைக்கு ஒன்றுபோலவே இருக்கும். பின்பக்கம் 'ஹெச்ஏசி-001' என்று மட்டும் இருந்தால் முதல் மாடல், அதோடு அடைப்புக்குறிக்குள் '-01' இருந்தால் திருத்தியது. சில ஆயிரம் வித்தியாசம் என்றால் பின்னதையே எடுங்கள். 10,000 எம்ஏஹெச் பவர் பேங்க் ஒன்று, வழியில் வீணாவது போக, ஸ்விட்ச்சை ஒன்றரை முறை நிரப்பும். பவர் டெலிவரி உள்ள டைப்-சி பேங்காக இருக்கட்டும். மற்றவற்றில் ஆடிக்கொண்டே சார்ஜ் போட்டால் சதவீதம் ஏறுவதற்குப் பதில் மெல்ல இறங்கும்.

இந்தக் கருவி 5 முதல் 35 டிகிரி வரைக்கும்தான் என்று நிண்டெண்டோ வரையறுத்திருக்கிறது. நம்மூர் ஏப்ரல், மே மத்தியானம் அதைத் தாண்டிவிடும். மேல் விளிம்பில் உள்ள காற்று வழியைத் தலையணையோ மடியோ அடைத்தால், சூடு கூடிவிட்டது என்று எச்சரித்துவிட்டு உறங்கிப்போகும். கடற்கரை ஊர்களில், உவரி, கூட்டப்புளிப் பக்கம், உப்புக் காற்றால் கார்டின் தொடுமுனை மங்கும். கார்டைப் படிக்கவில்லை என்று வந்தால் ஐசோபுரொப்பைல் ஆல்கஹாலைப் பஞ்சில் தொட்டு முனையைத் துடையுங்கள். வாயால் ஊதக் கூடாது, எச்சில் ஈரம் இன்னும் கெடுக்கும்.

செகண்ட் ஹேண்டில் பார்க்க வேண்டியவை

ஃபுட்பால்காரர் கையில் முதலில் சாகிறது இடது ஸ்டிக். ஆட்டம் முழுக்க அதை ஒரு பக்கமாக அழுத்திக்கொண்டே ஓடுவதால் உள்ளே உள்ள கார்பன் பூச்சு தேய்ந்து, கையை எடுத்த பிறகும் வீரர் தானாக நடப்பார். சிஸ்டம் செட்டிங்ஸில் கன்ட்ரோலர்ஸ் அண்ட் சென்சார்ஸ், அதற்குள் காலிபிரேட் கன்ட்ரோல் ஸ்டிக்ஸ். ஸ்டிக்கை ஒவ்வொரு திசையிலும் கடைசிவரை தள்ளி விடுங்கள். விட்டதும் குறி நடுவுக்கு வந்து அசையாமல் நிற்க வேண்டும். ஒரு பக்கம் ஒட்டி நின்றாலோ நடுங்கினாலோ விலையைக் குறைத்துப் பேசுங்கள். சரிசெய்ய முடியாத கோளாறு இல்லை. ஜாய்-கானின் பின்பக்கம் மூன்று கிளை ஸ்க்ரூ நான்கு இருக்கும், அதற்குரிய ஒய்-முனை ஸ்க்ரூடிரைவர் வேண்டும், சாதாரண ஸ்டார் முனையைப் போட்டால் தலை வழித்துக்கொள்ளும். புது ஸ்டிக் வாங்கும்போது காந்தத்தால் இயங்கும் ஹால் எஃபெக்ட் வகை வாங்கினால் உரசும் பாகம் இல்லை, அதே தேய்மானம் திரும்ப வராது. கழற்றும்போது உடைவது அனேகமாக ரிப்பன் கேபிளின் மெல்லிய பூட்டுத்தான். நகத்தால் நிமிர்த்த வேண்டும், இழுக்கக் கூடாது.

அடுத்து, விற்பவர் முன்னிலையிலேயே வைஃபை இணைத்து ஈஷாப்பைத் திறக்கச் சொல்லுங்கள். 2124-4007 என்ற எண் வந்தால் அந்தக் கருவியை நிண்டெண்டோ தடை செய்திருக்கிறது என்று பொருள். ஹேக் செய்து ஓட்டிய கருவிகளுக்கு வருவது அது. ஆன்லைன், ஈஷாப் இரண்டும் இல்லை, நாமாக நீக்கவும் முடியாது. வீட்டில் மட்டும் கார்டு போட்டு ஆடுவேன் என்றால் பாதி விலைக்குக் கேட்கலாம்.

கார்டுக்கு நாட்டு வரம்பு கிடையாது. துபாய் வழி வரும் பெட்டியில் அரபி எழுத்து இருந்தாலும் நம் கருவியில் ஓடும். வர்ணனை மொழிகள் மட்டும் வட்டாரத்துக்கு வட்டாரம் மாறும், பின்பக்கம் பார்த்துக்கொள்ளுங்கள். அல்டிமேட் டீமுக்கான எஃப்சி பாயிண்ட்ஸைக் காசு கொடுத்து வாங்குகிறவர்கள், கார்டு எந்த வட்டாரத்ததோ அதே வட்டார ஈஷாப்பில் வாங்க வேண்டும். ஐரோப்பியக் கார்டுக்கு அமெரிக்கக் கடையில் வாங்கிய பாயிண்ட்ஸ் சேராமல் போகும், பணமும் திரும்பாது. பிள்ளைகள் கணக்கில் இந்த வாங்குதலைப் பேரன்டல் கன்ட்ரோலில் பூட்டிவைப்பது நல்லது.

வாங்கும் நேரமும் ஒரு கணக்கு. புதுப் பதிப்பு செப்டம்பர் கடைசியில் வரும். வந்த வாரமே முந்தைய வருடத்துக் கார்டின் விலை விழும், நவம்பர் கடைசித் தள்ளுபடிகளில் புதியதும் இறங்கும். ஆகவே பழையதை விற்பவர் ஜூலைக்குள் விற்றுவிட வேண்டும், வாங்குபவர் டிசம்பர் வரை பொறுக்க வேண்டும். டிஜிட்டலாக வாங்கியதை விற்க முடியாது என்பதால், வருடா வருடம் மாற்றுகிறவர் கார்டாகவே வாங்குவது நல்லது. பெட்டியோடு கொடுத்தால்தான் விலை நிற்கும். பெட்டி இல்லாத தனிக் கார்டு, குறிப்பாக ஸ்விட்ச் 2 வைத்திருப்பவர், வாங்க வேண்டாம். யாரோ நகலெடுத்த கார்டாக இருந்தால் தடை உங்கள் கருவிக்கும் வரலாம்.